இரண்டாம் தரம் கேட்டவர்

ஒரே கேள்வியை மூன்று கிழமை கழித்து இரண்டாம் தரம் கேட்பவர்களை நான் நம்புவதில்லை. அவர்கள் மறந்துபோய்க் கேட்பதில்லை. முதலில் சொன்ன பதிலைப் பத்திரமாக வைத்துக்கொண்டு, இரண்டாவதை அதன் பக்கத்தில் வைத்துப் பார்ப்பதற்காகக் கேட்கிறார்கள். அகதி விசாரணைக்கு முன்னால் உட்கார்ந்த எவருக்கும் இது தெரியும். நான் அறிந்தவர்களில் இந்தப் பழக்கம் உள்ள, அதிகாரி அல்லாத ஒரே ஆள் அவர்தான். அதிகாரி அல்ல என்று நம்புவதற்கே எனக்கு நெடுநாள் எடுத்தது. இன்றைக்கும் முழுக்க நம்புகிறேன் என்று சத்தியம் பண்ண மாட்டேன்.

அப்போது நான் ஹம்பேர்க்கில் ஒரு சலவைத் தொழிற்சாலையில் இருந்தேன். நகரத்து ஹோட்டல்களின் படுக்கை விரிப்புகளும் துவாய்களும் அங்கேதான் வந்து குவியும். துவைத்த விரிப்பை ஆளுக்கொரு முனையாக இரண்டுபேர் பிடித்து, மாங்கல் என்கிற பெரிய சூட்டு உருளைக்குள் கொடுக்க வேண்டும். எதிரே நிற்பவரின் முகத்தை நாள் முழுக்கப் பார்த்துக்கொண்டு செய்கிற வேலை. ஒரு பெப்ரவரி மாதத் திங்கட்கிழமை, மேற்பார்வையாளர் அவரைக் கொண்டுவந்து என் எதிரே நிறுத்தினார். வயது அறுபதுக்குக் கிட்ட இருக்கும். நல்ல உயரம். நரைத்த தலைமயிரை ஆண்களைப்போல ஒட்ட வெட்டியிருந்தார். பின்லாந்துக்காரர் என்றார்கள். பின்லாந்தை விட்டு ஹம்பேர்க்குக்கு யாராவது விரிப்பு மடிக்க வருவார்களா? அங்கேயே எனக்கு இடித்தது.

முதல் நாள் முழுக்க அவர் விரிப்பைப் பார்க்கவில்லை, என் கையைப் பார்த்தார். அதனால் நாலு விரிப்பு கோணலாகப் போய் உருளையில் சிக்கின. நாங்கள் எல்லோரும் ஒருவரையொருவர் 'நீ' என்று கூப்பிடும் இடத்தில், அவர் மட்டும் என்னை 'நீங்கள்' என்றார். ஜெர்மனியில் என்னை அப்படிக் கூப்பிட்டவர்கள் எல்லோரும் மேசைக்குப் பின்னால் உட்கார்ந்திருந்தவர்கள். இடைவேளையில் கறுத்த பாணும் அவித்த முட்டையும் சாப்பிட்டார். பிறகு கழிப்பறைக்குப் போய்ப் பத்து நிமிடம் இருந்தார். இரண்டு மணித்தியாலம் கழித்து மறுபடி பத்து நிமிடம்.

எங்களோடு துவாய்ப் பக்கம் வேலைசெய்த நெல்லியடி அக்கா ஒருவர் இருந்தார். எதையும் முதலில் மோப்பம் பிடிப்பவர்.

"நான் சொல்லுறன் தம்பி, இவ சுங்கத்து ஆள்," என்றார்.

பதியாமல் வேலை செய்பவர்களைப் பிடிக்கத் தொழிற்சாலைகளுக்குள் வருபவர்கள் இந்த நாட்டில் சுங்க அதிகாரிகள்தான். ஆனால் அவர்கள் சீருடை போட்டுக்கொண்டு கூட்டமாக வருவார்கள்.

"சுங்கத்தில இருந்து வந்தவ விரிப்பு மடிப்பாவே அக்கா?"

"அதுதான் புதுத் தந்திரம். கக்கூசுக்குள்ள போய் எழுதுறா. நான் கதவுக்கு வெளியில நிண்டு கேட்டனான். பேனை சத்தம்."

அக்காவிடம் கடன் வாங்கிய சந்தேகம் அல்ல என்னுடையது. எனக்குச் சொந்தமாகவே ஒன்று இருந்தது. அதற்கு மூன்று மாதம் முன்புதான் ஜெர்மன் குடியுரிமைக்கு அன்ட்ராக், அதாவது விண்ணப்பம், போட்டிருந்தேன். பழைய பைலைக் கிண்டுவார்கள் என்று கேள்விப்பட்டிருந்தேன். என் பைலுக்குள் கிண்டக்கூடாத ஒன்று இருந்தது.

கொழும்பில் ஒரு லொட்ஜில் வைத்துப் பிடிக்கப்பட்டு, பதினொரு நாள் ஒரு அறைக்குள் அடிவாங்கியவன் என்று அந்தப் பைலில் நான் எழுதப்பட்டிருக்கிறேன். அது நடந்த கதைதான். ஒரு எழுத்தும் பொய்யில்லை. ஆனால் நடந்தது எனக்கு அல்ல, என் அண்ணனுக்கு. அவர் வெளியே வந்து இரண்டு மாதத்தில் சிறுநீரகம் பழுதாகிச் செத்துப்போனார். அவரை அனுப்புவதற்கென்று வீட்டில் சேர்த்த காசில் நான் வந்தேன். புறப்படுமுன், ஆட்களை வெளிநாட்டுக்கு அனுப்புகிற ஏஜென்சிக்காரர் எனக்குச் சொன்னதை மறக்க மாட்டேன்.

"உம்மட கதை காணாது. பயந்து வந்தனான் எண்டா ஒருத்தனும் விசா தரமாட்டான். கொண்ணற்ர கதையைச் சொல்லும். கொண்ணன் எண்டு ஒருத்தர் இருந்தவர் எண்டு மட்டும் வாய் திறக்காதையும். பிறகு அவர் எங்க எண்டு கிண்டுவாங்கள்."

அப்படியே சொன்னேன். கூடப்பிறந்தவர்கள் உண்டா என்று கேட்டார்கள். இல்லை என்றேன். அந்த 'இல்லை' பத்து வருடமாக என்னோடு எஸ்-பான் ரயிலில் வேலைக்கு வந்து போய்க்கொண்டிருந்தது.

இரண்டாம் கிழமை ஒருநாள், பின்லாந்துக்காரர் தன் குறிப்புப் புத்தகத்தை இடைவேளை அறை யன்னலில் மறந்துவிட்டுப் போனார். மறந்தாரா, ஆழம் பார்க்க வைத்தாரா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. திறந்து பார்த்தேன். எல்லா எழுத்தும் இரண்டிரண்டாக நிற்கிற ஒரு மொழி. போனில் படம் எடுத்து மொழிபெயர்க்கக் கொடுத்தேன். போன் ஜெர்மனில் சொன்னது இதுதான்: 'ஈரம் பார்க்கப் புறங்கையை வைக்கிறார். உள்ளங்கை சூடுபட்டு மரத்துவிட்டதா? கேட்க வேண்டும்.' அடுத்த வரி: 'பிரச்சினை இல்லை என்று அவர் சொல்லும்போதெல்லாம் ஒரு பிரச்சினை இருக்கிறது.' அதற்கடுத்தது: 'வெளிக்கதவு திறக்கும்போது எல்லோருக்கும் முதலில் தலை திருப்புகிறார்.'

மூன்றும் என்னைப் பற்றித்தான். அக்காவுக்குக் காட்டினேன். அவர் தன்னைப் பற்றி என்ன எழுதியிருக்கிறது என்று தேடினார். 'மற்றவர்களின் இடைவேளையை எண்ணுகிறார், தன்னுடையதை எண்ணுவதில்லை' என்று இருந்தது.

மூன்றாம் கிழமை மேற்பார்வையாளர் விஷயத்தை உடைத்தார். அந்தப் பின்லாந்துக்காரர் தன் நாட்டில் பேர்பெற்ற நாவலாசிரியராம். படங்களுக்குத் திரைக்கதையும் எழுதுவாராம். வேலை செய்பவர்களைப் பற்றித்தான் எழுதுவாராம். ஒவ்வொரு நாவலுக்கும் மூன்று மாதம் அந்த வேலையைச் செய்துபார்ப்பாராம். மீன் அடைக்கும் ஆலை, பஸ் பணிமனை, முதியோர் இல்லம் எல்லாம் முடிந்து இப்போது எங்கள் சலவை. முதலாளி சம்மதித்துத்தான் வந்திருக்கிறார். மற்றவர்கள் சிரித்துக்கொண்டு மூச்சு விட்டார்கள். எனக்குப் பயம் இன்னும் கூடியது. அதிகாரி எழுதுவதைப் பூட்டி வைப்பார். இவர் அச்சடித்து விற்பார், போதாததற்குப் படமும் எடுப்பார்.

ஏன் இப்படி ஒவ்வொன்றையும் கேட்டுக் கொல்கிறீர்கள் என்று நான் ஒருநாள் நேரடியாகவே கேட்டேன். விரிப்பின் மறுமுனையிலிருந்து சொன்னார். அவருடைய முதல் நாவலில் ஒரு மீனவர், உறைந்த ஏரியில் பனிக்கட்டியை வெட்டி வலை இழுப்பாராம். பனிக்கட்டிக்குக் கீழே வலைபோட இரண்டு குழி வெட்டுவார்கள். இவர் எழுதியபடி அந்த மனிதர் பிழையான குழியால் இழுத்துவிட்டார். ஊர் முழுக்கச் சிரித்தது. சொந்த மாமா புத்தகத்தைத் தபாலில் திருப்பி அனுப்பினார்.

"அதற்குப் பிறகு நான் பார்க்காததை எழுதுவதில்லை," என்றார். "எனக்குக் கற்பனை கிடையாது. அதனால்தான் கேட்கிறேன்."

கற்பனை இல்லாத கதாசிரியர் என்பதை நான் நம்பவில்லை. நீந்தத் தெரியாத மீன் என்பதுபோல இருந்தது. ஆனால் பிடிக்காமல் போகவும் இல்லை. அவர் கேட்கும்போது முகத்தில் இரக்கம் வராது. எங்களைப் பார்த்து இரங்குகிற ஜெர்மன்காரர்களை நான் நிறையப் பார்த்துவிட்டேன். அவர்களுக்கு எங்கள் துன்பம் வேண்டும், புறங்கை வேண்டாம். இவருக்குப் புறங்கைதான் வேண்டும். உருளைக்குள் விரலை விட்டுவிடாமல் இருக்க நான் எந்த விரலை மடக்குகிறேன் என்பதை அரைநாள் பார்த்துப் பழகினார். ஒருநாள் தானும் அப்படியே மடக்கிக்கொண்டு, பரீட்சையில் பாசான பிள்ளைபோல என்னை நிமிர்ந்து பார்த்தார். அன்றைக்கு மட்டும் நானும் சிரித்துவிட்டேன்.

அந்தச் சிரிப்புத்தான் வினையாக வந்தது. மறுநாள், இங்கே எப்படி வந்தீர்கள் என்று கேட்டார். பைலில் உள்ளதைச் சொன்னேன். லொட்ஜ், ஜீப், அறை, பதினொரு நாள். எனக்கு அது மனப்பாடம். எங்கே நிறுத்தி மூச்செடுக்க வேண்டும் என்பதுகூட மனப்பாடம். அவர் அடுத்த விரிப்பை நீட்டினார். தப்பிவிட்டேன் என்று நினைத்தேன்.

மூன்று கிழமை கழித்து மறுபடி கேட்டார். "அந்த அறையைப் பற்றி இன்னொருமுறை சொல்ல முடியுமா?"

சூடு கண்ட பூனைக்கு அடுப்படி தெரியாதா? உஷாரானேன். முதல் சொன்னதிலிருந்து மயிரிழை பிசகாமல் சொன்னேன். சொல்லி முடித்தபோது உள்ளுக்குள் ஒரு பெருமைகூட இருந்தது. அவர் விரிப்பைப் பிடித்தபடி அசையாமல் நின்றார்.

"ஒரு சொல்லும் மாறவில்லை," என்றார்.

"ஏன் மாற வேண்டும்? நடந்தது ஒன்றுதானே."

"என் கணவர் சாகும்போது நான் பக்கத்தில் இருந்தேன். பதினான்கு வருடமாகச் சொல்லிக்கொண்டிருக்கிறேன். ஒவ்வொரு தரமும் வேறு மாதிரி வருகிறது. ஒருநாள் அவர் தண்ணீர் கேட்டார் என்கிறேன். இன்னொரு நாள், கேட்கவில்லை, நான்தான் கொடுத்தேன் என்கிறேன். அங்கே இருந்தவர்களுக்கு அது மாறிக்கொண்டே இருக்கும். உங்களுடையது, நீங்கள் கேட்ட கதை. யாரோ சொல்ல, மிகக் கவனமாகக் கேட்ட கதை."

நான் முனையை விட்டுவிட்டேன். ஈர விரிப்பு நிலத்தில் விழுந்தது. மாறக்கூடாது, ஒரு சொல் மாறினாலும் பொய் என்று திருப்பி அனுப்பிவிடுவார்கள் என்றுதான் எங்கள் எல்லோருக்கும் சொல்லித் தந்தார்கள். மாறாமல் சொன்னதற்காக அகப்பட்டவன் இந்த நாட்டிலேயே நான் ஒருவனாகத்தான் இருப்பேன்.

அன்றைக்கு வீட்டுக்கு வந்து மனைவியிடம் சொன்னேன். அவளுக்கு எல்லாம் தெரியும். கலியாணத்துக்கு முதலே சொல்லியிருந்தேன்.

"நீங்கள் ஏன் வாயைக் குடுத்தனீங்கள்?"

"கேட்டா சொல்லத்தானே வேணும்."

"கேட்டா, ஏலாது எண்டு சொல்லுங்கோ. குடியுரிமைக் கடிதம் வரும் மட்டும் அந்த மனுசியோட கதையாதேங்கோ. அவ ஒரு வரி எழுதினாலும் எங்கட பிள்ளையளின்ர பாஸ்போட்டும் சேர்ந்து போகும்."

துவாய்ப் பக்கம் மாற்றிவிடும்படி கேட்டு வாங்கிக்கொண்டேன். அவர் காரணம் கேட்கவில்லை. எதையும் கேட்பவர் ஒன்றைக் கேட்காமல் விட்டால் அது அதைவிடப் பயம். யாரிடமாவது சொல்லிவிட்டாரா, எந்த அலுவலகத்திலாவது தெரிந்தவர்கள் இருக்கிறார்களா, ஒட்ட வெட்டிய அந்தத் தலைக்குள் என்ன ஓடுகிறது என்று துவாய்களுக்கு இடையால் பார்த்துக்கொண்டே நின்றேன். கடிதப் பெட்டியைத் திறக்க மனைவியை அனுப்புவேன். நான் படியில் நிற்பேன்.

மே மாதம் அவருடைய தவணை முடிந்தது. கடைசிக் கிழமை ஒவ்வொருவராக இடைவேளை அறைக்குக் கூப்பிட்டார். இது அவருடைய வழக்கமாம். ஒருவரைப் பற்றி எழுதியதை அவருக்கே ஜெர்மனில் படிக்கக் கொடுப்பார், கையில் ஒரு பேனையும் கொடுப்பார். பிடிக்காததை வெட்டலாம். வெட்டியதை எழுத மாட்டார். உருளைப் பக்கம் நின்ற போர்த்துக்கல் பெண் தன் வயதில் ஆறு வருடத்தை வெட்டினாள். மேற்பார்வையாளர் தன் குறட்டையை வெட்டினார். அக்கா ஒன்றையும் வெட்டவில்லை. இன்னும் இரண்டு பக்கம் சேர்க்கச் சொன்னார்.

என் முறை வந்தது. நாலு பக்கம் இருந்தது. நான் தொடவில்லை. கையெழுத்து வாங்கத்தான் இந்த நாடகம் என்று எனக்குத் தோன்றியது.

"படியுங்கள்," என்றார்.

"வேண்டாம். என்னை எடுத்துவிடுங்கள்."

"எல்லாவற்றையுமா?"

"எல்லாவற்றையும்."

அவர் பேனையை எடுத்தார். நாலு பக்கத்தையும் ஒரு மூலையிலிருந்து மறுமூலைக்குக் குறுக்கே கோடிட்டு வெட்டினார். ஆறுதலாக, ஒவ்வொன்றாக. "சரி," என்றார். எனக்கு அதுவும் பத்தவில்லை. கணினியில் பிரதி இருக்கும்தானே?

ஐப்பசியில் குடியுரிமை கிடைத்தது. அதற்குப் பிறகும் அவரைப் பற்றிய யோசனை போகவில்லை. பாம்பு என்று தாண்டவும் முடியவில்லை, பழுதை என்று மிதிக்கவும் முடியவில்லை. கொடுத்த பிறகும் பறிப்பார்களாம் என்று எவராவது சொன்னால் அன்றைக்குச் சோறு இறங்காது. இரண்டு வருடம் கழித்து நாவல் வந்தது, அதற்கடுத்த வருடம் படமும் வந்தது. ஹம்பேர்க்கில் ஒரு சின்னத் தியேட்டரில் முதல் காட்சி, அவரே வருகிறார் என்று அக்கா அறிவித்தார். மனைவியைக் கூட்டிக்கொண்டு போனேன். கடைசி வரிசையில், வாசலுக்குப் பக்கத்தில் உட்கார்ந்தோம்.

படத்தில் பெரிதாக ஒன்றும் நடக்கவில்லை. ஆட்கள் வேலை செய்தார்கள், சாப்பிட்டார்கள், பஸ் பிடித்தார்கள். ஆனால் எல்லோரும் இருந்தார்கள். வயது குறைந்த போர்த்துக்கல்காரி இருந்தாள். குறட்டை விடாத மேற்பார்வையாளர் இருந்தார். இடைவேளையை எண்ணுகிற அக்கா நிறைய இருந்தார். உருளையின் மறுமுனைக்குக் காமெரா போகும்போதெல்லாம் மனைவி என் கையை இறுக்கினாள். அங்கே ஒரு போலந்துப் பெண் நின்றாள். அவள் விரலை மடக்கியது என்னுடைய மாதிரி இல்லை. ஈரம் பார்க்கப் புறங்கையை வைக்கவும் இல்லை. தேடித் தேடிப் பார்த்தேன். கதவு திறந்தால் தலை திருப்புபவர் எவரும் இல்லை. லொட்ஜ் இல்லை, அறை இல்லை. அவர் சொன்ன சொல்லைக் காப்பாற்றியிருந்தார். என்னைத் துடைத்து எடுத்திருந்தார்.

"கடவுளே," என்று மனைவி மூச்சு விட்டாள். நானும் விட்டேன். அதற்குப் பிறகுதான் அழுகை வந்தது. எனக்காக அல்ல. நான் போனால் அண்ணனும் போய்விடுகிறார் என்பது அதுவரை எனக்கு உறைக்கவில்லை. அவர் பட்ட பதினொரு நாளும் இந்த நாட்டில் என் பேரில் ஒரு பைலில் கிடக்கிறது. அவருடைய பேர் எந்தத் தாளிலும் இல்லை. இல்லாமல் பண்ணியவன் நான். எவ்வளவு கேவலமானவன் நான் என்று அந்த இருட்டுக்குள் நினைத்தேன்.

வெளியே அவர் ஒரு மேசையில் உட்கார்ந்து, நாவலின் ஜெர்மன் பதிப்பில் கையெழுத்துப் போட்டுக் கொடுத்துக்கொண்டிருந்தார். தலை முழுதாக வெளுத்திருந்தது. மனைவி வாசல் பக்கம் இழுத்தாள். நான் வரிசையில் நின்றேன். என் முறை வந்ததும் நிமிர்ந்து பார்த்தார். அடையாளம் தெரிந்தது, ஆனால் காட்டிக்கொள்ளவில்லை. எனக்கு வசதியாக இருக்கட்டும் என்று விட்டாரோ, வழக்கம்போலப் பார்த்து வைத்துக்கொண்டாரோ, தெரியாது.

"யாருக்கு எழுத வேண்டும்?"

மனைவியின் பேரைச் சொல்லத்தான் வாய் திறந்தேன்.

"தயாபரனுக்கு," என்றேன்.

எழுத்துக் கேட்டார். ஒவ்வொரு எழுத்தாகச் சொன்னேன். எழுதிவிட்டு, மை காயும்வரை புத்தகத்தைத் திறந்தபடி வைத்திருந்தார். அது உங்களுடைய பேர் இல்லையே என்று கேட்கவில்லை.

"என் அண்ணன்," என்றேன். "கூடப்பிறந்தவர்." ஜெர்மனில் அந்த வசனத்தை நான் சொன்னது அதுதான் முதல் தடவை.

பின்னால் ஆட்கள் நின்றார்கள். பக்கத்துக் கதிரையைக் காட்டினார். "இவர்களை முடித்துவிடுகிறேன். இருக்கிறீர்களா?"

"போவம் வாங்கோ," என்றாள் மனைவி மெல்ல.

நான் இருந்தேன். கூட்டம் போனபிறகு சொன்னேன். அறைக்குள் நடந்ததை அல்ல, அது அவருக்கு இரண்டு தரம் சொன்னதுதான். அண்ணன் தனக்கு இனிப் பயணம் இல்லை என்று தெரிந்து, கொழும்பு வெள்ளவத்தையில் ஒரு வாடகை அறையில் படுத்திருந்து, வீங்கிய காலைத் தலையணையில் வைத்துக்கொண்டு, விசாரணை அதிகாரி மாதிரி என்னைக் கேள்வி கேட்டுப் பழக்கியதைச் சொன்னேன். பிழைவிட்டால், "திரும்பச் சொல்லடா," என்பார். சிரிப்பார். சிரித்தால் விலா நோகும் என்று கையால் பிடித்துக்கொள்வார். கடைசியாகக் கேட்டது ஒரு செவ்வாய்க்கிழமை என்றேன். இல்லை, புதன் என்றேன். தலையணை இல்லை, உடுத்துகிற சாரத்தை மடித்து வைத்தது என்றேன். அன்றைக்கு நான் ஒரு பிழையும் விடாமல் சொல்லி முடித்தேன், அவர் தலையில் தட்டினார் என்றேன். பிறகு, தட்டவில்லை, தட்டுவதற்குக் கையைத் தூக்கினார், ஏலாமல் விட்டுவிட்டார் என்றேன்.

அவர் குறிப்புப் புத்தகத்தை எடுக்கவில்லை. எடுக்காமலே எல்லாவற்றையும் வைத்திருக்கக்கூடியவர் என்பது எனக்குத் தெரியும்.

திரும்பி வரும்போது எஸ்-பானில் மனைவி, இறங்குவதற்கு ஒரு தரிப்பு முதல் கேட்டாள்.

"அந்த மனுசி இதை எழுதிப்போட்டா என்ன செய்வியள்?"

"எழுதட்டும்," என்றேன். "அண்ணற்ர பேரில எழுதட்டும்."